பாப்பா பாட்டில் கை வைக்காதே

அன்புள்ள மாப்ளே,

உன் கடிதமும் உன் மகள் பாப்பா தன் பாட்டைப் பாடி அனுப்பிய டெமோ பதிவும் சேர்ந்தே வந்தன. கடிதத்தை ஒருமுறை படித்தேன், பாட்டைத் திரும்பத் திரும்பக் கேட்டேன். கோபித்துக்கொள்ளாதே, உன் எழுத்து காலேஜிலிருந்தே அப்படித்தான்.

வீட்டுச் சேதியை முதலில் சொல்லிவிடுகிறேன். அம்மாவுக்குக் கண்புரை ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. சீரியலில் மாமியார்க்காரி என்ன நகை போட்டிருக்கிறாள் என்பது வரை இப்போது துல்லியமாகச் சொல்கிறாள். தம்பி மகனுக்குத் திருப்பூரில் வேலை கிடைத்துவிட்டது. நம் கேசட் ரெக்கார்டிங் கடை இருந்த இடத்தில் மொபைல் கவர் விற்கிறார்கள். தாளில் பாட்டு லிஸ்ட் எழுதிக்கொண்டு வருவார்களே, "அறுபது நிமிஷக் கேசட்டா, தொண்ணூறா?" என்று நாம் கேட்போமே, "தொண்ணூறே போடுங்கண்ணே, கடைசியில இடம் இருந்தா உங்களுக்குப் பிடிச்சது ஒண்ணு போட்டு விடுங்க" என்பார்களே, அதையெல்லாம் அந்தக் கடைப் பையனிடம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "டெம்பர்டு கிளாஸ் வேணுமா சார்?" என்றான்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். கேட்டால் மனசு எழுந்து நிற்கிற மாதிரி ஒரு பாட்டு வேண்டும் என்று பாப்பா ஆசைப்படுகிறாள். பல்லவி அமைந்துவிட்டது, முதல் சரணமும் இருக்கிறது, அதற்கு மேல் நகரவில்லை. நீ என்ன செய்யப் பார்க்கிறாய்? கீபோர்டில் ஸ்ட்ரிங்ஸ், திரும்பத் திரும்ப ஓடும் ஒரு தவில் லூப், பின்னால் கோரஸ், நடுவில் கைதட்டல். போதாததற்கு, கண்டக்டரிடம் மீதிச் சில்லறை கேட்கக் கூச்சப்படுகிறாள் என்று வருகிற வரியை எடுத்துவிட்டு "வானமே எல்லை" மாதிரி ஏதாவது போடலாமா என்று என்னையே கேட்கிறாய். கல்யாண வீட்டுச் சாம்பார் மாதிரி கிடைத்த காயை எல்லாம் போட நினைக்கிறாய், மாப்ளே. வேண்டாம்.

ஏன் வேண்டாம் என்பதற்கு ஓர் ஆஸ்திரேலியப் பாட்டைச் சாட்சிக்குக் கூப்பிடுகிறேன். 'ரிப்டைட்' என்று பெயர், கடல் உள்ளே இழுக்கிற இழுப்பு என்று அர்த்தம். உனக்குப் பெயர் தெரியாவிட்டாலும் காதில் விழுந்திருக்கும். பாப்பாவைக் கேள், உடனே பாடிக் காட்டுவாள். பாடியவர் வான்ஸ் ஜாய். அது மேடைப் பெயர், பீட்டர் கேரி எழுதிய ஒரு நாவலில் கதை சொல்லித் திரியும் ஒரு பாத்திரத்தின் பெயர். சொந்தப் பெயர் ஜேம்ஸ் கியோ, மெல்போர்ன்காரர், 1987-இல் பிறந்தவர். மோனாஷ் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தார். கோபர்க் அணிக்காக அந்த ஊர் ஃபுட்பாலும் ஆடினார். நம் ஊர் ஃபுட்பால் இல்லை, முட்டை வடிவப் பந்தைக் கையால் பிடித்துக்கொண்டு ஓடுவார்களே, அது. வக்கீலாகவோ ஆட்டக்காரராகவோ போயிருக்க வேண்டிய ஆள்.

இந்தப் பாட்டின் முதல் துண்டு 2008-லேயே வந்துவிட்டது. குட்டி கிட்டார் மாதிரி இருக்கிற யுகுலேலேயை வைத்துக்கொண்டு சில வரிகளும், தந்திகளைச் சேர்த்து மீட்டும் கார்டுகளின் ஒரு வரிசையும் பிடித்திருக்கிறார். அதற்கு மேல் போகவில்லை, அப்படியே வைத்துவிட்டார். 2012-இல் வேறு ஏதோ ஒன்றை முனகிக்கொண்டிருந்தபோது, இது அந்தப் பழைய துண்டோடு ஒட்டும் போலிருக்கிறதே என்று தோன்றி, சேர்த்து முடித்தார். நடுவில் நாலு வருஷம். அந்த நாலு வருஷத்தில் யார் வேண்டுமானாலும் மேடையேறிப் பாடலாம் என்கிற மெல்போர்ன் ஓபன் மைக் ராத்திரிகளில் போய் நின்று பாடப் பழகிக்கொண்டார். பாட்டை முடித்தே ஆகவேண்டும் என்று உட்கார்ந்து கசக்கவில்லை.

நம் சினிமாவில் காலையில் மெட்டு, மத்தியானம் கவிஞர், சாயங்காலம் ரெக்கார்டிங் என்று ஒரே நாளில் காரியம் முடிந்ததைப் பற்றி நாமும் பெருமையாகப் பேசியிருக்கிறோம். அங்கே மூன்று பேர் மூளை வேலை செய்தது, பின்னால் ஒரு பெரிய ஆர்க்கெஸ்ட்ரா உட்கார்ந்திருந்தது, தயாரிப்பாளர் வாசலில் நின்றார். தானே எழுதித் தானே மெட்டுப் போட்டுத் தானே பாடுகிறவருக்கு நடுவில் சிக்கிக்கொண்டால் போன் போட்டுக் கூப்பிட ஆள் கிடையாது. காத்திருப்பதுதான் அவருக்கு இருக்கிற ஒரே உதவியாள். பாப்பாவின் இரண்டாவது சரணம் இந்த வருஷம் வராவிட்டால் போகட்டுமே. அவளுக்கு என்ன ரிலீஸ் தேதியா குறித்திருக்கிறார்கள்?

இப்போது பாட்டுக்குள்ளே வா. நீ கிட்டார் சொல்லிக்கொடுக்கிறவன், உனக்கு இது பிடிக்கும். என் மகன் ஆசையாக வாங்கி மூலையில் போட்ட யுகுலேலேயை எடுத்து நானே வாசித்துப் பார்த்துவிட்டுத்தான் எழுதுகிறேன். நாலே தந்தி, நைலான். மேலிருந்து கீழாக ஜி, சி, இ, ஏ. கிட்டாரில் மேல் தந்திதானே தடித்தது, அடிச்சுருதி? இதில் மேலே இருக்கிற ஜி, அதற்குக் கீழே இருக்கிற சி-யை விட உயரமான சுருதி. அதனால் கையை மேலிருந்து இறக்கினாலும் கீழிருந்து ஏற்றினாலும் ஏறக்குறைய ஒரே பளிச்சென்ற சத்தம்தான் வருகிறது. அடியில் உறுமுவதற்குத் தந்தியே இல்லை. சோகமாக வாசிக்க நினைத்தாலும் பாதிதான் நடக்கும்.

கார்டு மூன்றுதான்: ஏ மைனர், ஜி, சி. சரணத்துக்கும் அதே, பல்லவிக்கும் அதே. முதல் கட்டத்தில், அதாவது ஃபிரெட்டில், தந்திகளை அழுத்திப் பிடிக்கும் கேப்போ கிளிப்பைப் போட்டு வாசிப்பதால் அரைக்கட்டை ஏறி டி ஃபிளாட்டில் கேட்கும். ஏ மைனருக்கு ஒரு விரல் போதும், சி-க்கும் ஒரு விரல். ஜி-க்குத்தான் மூன்று. நடுவில் தனியாக வருகிற பிரிட்ஜ் பகுதியில் எஃப் எட்டிப் பார்க்கிறது. அதற்கும் ஏ மைனரில் வைத்த விரலை எடுக்காமல் பக்கத்தில் இன்னொன்றை வைத்தால் முடிந்தது. கற்றுக்கொண்ட முதல் வாரத்திலேயே ஒரு குழந்தை வாசித்துவிடும். அதனால்தானோ என்னவோ, உலகத்தில் யுகுலேலே வாங்கிய பாதிப் பேர் இதைத்தான் வாசிக்கிறார்கள்.

கவனித்தாயா, ஒவ்வொரு சுற்றும் கொஞ்சம் சோகமாக ஒலிக்கிற மைனரில்தான் காலை வைக்கிறது. அங்கிருந்து ஜி-யைத் தொட்டு சி-க்கு வந்து, அங்கே மட்டும் இரண்டு பங்கு நேரம் நிற்கிறது. உடனே திரும்ப மைனர். பாட்டு முழுக்க இந்த இறக்கமும் ஏற்றமும்தான். சந்தோஷமாக ஒலிக்கிற மேஜர் கார்டிலேயே ஆரம்பித்திருந்தால் பிறந்தநாள் பாட்டாகியிருக்கும். பாப்பாவும் தெரிந்தோ தெரியாமலோ பல்லவியை மைனரில்தான் எடுத்திருக்கிறாள். "உற்சாகப் பாட்டுக்கு எதுக்குடீ மைனர்?" என்று நீ அவளிடம் கேட்டாயாமே. இனிமேல் கேட்காதே.

வார்த்தைக்கு வருவோம். எடுத்த எடுப்பில் பயத்தின் பட்டியல்: பல் டாக்டருக்குப் பயம், இருட்டுக்குப் பயம், அழகான பெண்களுக்குப் பயம், பேச்சைத் தொடங்கவே பயம். பிறகு ஒரு பெண் வருகிறாள். கடல் இழுப்பை நோக்கி ஓடுகிறாள், இவரும் கூடவே போகத் தயாராக இருக்கிறார். சினிமாவில் நடிக்க வேண்டியவள், ஹாலிவுட் நடிகை மிஷெல் ஃபைஃபரை உரித்துவைத்த மாதிரி இருக்கிறாள் என்று சத்தியம் செய்கிறார். அவள் பாடுவது பிடிக்கிறது, ஆனால் வார்த்தையைத் தப்பாகப் பாடிவிடுவாளே என்று தொண்டை அடைக்கிறது. "கவலைப்படாதே, விடியும்" என்று ஒரு வரி கிடையாது. பயந்தாங்கொள்ளி ஒருவர் தன் பயத்தை ஓடுகிற தாளத்தில் சொல்லிக்கொண்டே போகிறார், கேட்கிறவனுக்கு உள்ளே ஏதோ இளகுகிறது. நிமிடத்துக்கு நூறு தட்டுக்குச் சற்றே மேலே, வேகமாக நடப்பவனின் நடை. சில்லறை கேட்கக் கூச்சப்படுகிற பெண்ணை வைத்துக்கொண்டு பாப்பா செய்திருப்பதும் இதுதான். அந்த வரியை எடுத்துவிட்டால் பாட்டில் ஆளே இல்லாமல் போய்விடும், வானம் மட்டும் மிஞ்சும்.

ரெக்கார்டிங்கும் மெல்போர்னிலேயே நடந்தது. எட்வின் ஒயிட் என்ற டிரம்மர் கூட இருந்து தயாரித்தார். தயாரிப்பாளர் டிரம்மராக இருந்தால் டிரம்ஸைத்தான் முன்னால் தள்ளுவார் என்று நினைப்போம். இதில் யுகுலேலே தனியாக ஆரம்பிக்கிறது, குரல் வருகிறது, அப்புறம்தான் தாளம் மெல்லச் சேர்கிறது. பல்லவியில் டிரம்ஸ் விரிவதும் அதே மூன்று கார்டின் மேல்தான். கார்டு மாறாத பாட்டில் ஏற்றத்தை யார் வருகிறார்கள், யார் ஒதுங்குகிறார்கள் என்பதை வைத்தே காட்டவேண்டியிருக்கிறது. உன் தவில் லூப் முதல் நொடியிலிருந்தே ஓடினால் பல்லவிக்கு வந்து சேர்க்க உன்னிடம் என்ன மிச்சம் இருக்கும்?

எனக்கு ரொம்பப் பிடித்தது இதற்குப் பிறகு நடந்தது. 2013-இல், சில பாட்டு மட்டும் அடங்கிய இ.பி. என்கிற சின்ன ஆல்பத்தில் இந்தப் பாட்டு வெளிவந்தது. அட்லாண்டிக் ரெக்கார்டு கம்பெனி ஐந்து ஆல்பத்துக்கு ஒப்பந்தம் போட்டது. 2014-இல் முதல் முழு ஆல்பம் வந்தபோது, அதற்கு அமெரிக்காவில் வாஷிங்டன் மாநிலத்தில் ஒரு பெரிய ஸ்டூடியோ, ரயன் ஹாட்லாக் என்ற பேர் வாங்கிய தயாரிப்பாளர். கையில் காசும் வசதியும் வந்த பிறகும் 'ரிப்டைட்'டை மட்டும் எடுத்துத் திரும்ப மெருகேற்றவில்லை. டிரம்மரோடு செய்த பழைய பதிவையே ஆல்பத்தில் வைத்தார்கள். அந்தத் துணிச்சல் எத்தனை பேருக்கு வரும், சொல்.

ஆஸ்திரேலியாவில் டிரிபிள் ஜே என்று இளைஞர்களுக்கான அரசு வானொலி இருக்கிறது. வருஷா வருஷம் கேட்பவர்களே ஓட்டுப் போட்டு நூறு பாட்டைத் தேர்ந்தெடுப்பார்கள். 2013-க்கான பட்டியலில் இதுதான் முதலிடம். அப்போது உலகமே பாடிக்கொண்டிருந்த, நியூசிலாந்துப் பாடகி லார்டின் பாட்டு இதற்கு அடுத்ததாகத்தான் வந்தது. விற்பனைப் பட்டியலில் கதை வேறு. அந்த ஊரில் இது ஆறாம் இடத்துக்கு மேல் ஏறியதே இல்லை, ஆனால் 100 வாரத்துக்கு மேல் பட்டியலை விட்டு இறங்கவும் இல்லை. அமெரிக்காவில் 30-ஆம் இடம் வரை போனது. டெய்லர் ஸ்விஃப்ட் 2014-இல் பி.பி.சி.யில் இதைப் பாடினார், மறு வருஷம் தன் கச்சேரிப் பயணத்தில் இவரையே முன்னால் பாட வைத்தார்.

வீடியோவைப் பற்றி எனக்கு உன்னிடம் சொல்ல நல்லதாக ஒன்றும் இல்லை. பாட்டில் பல் டாக்டர் என்று வந்தால் திரையில் பல் டாக்டர் என்று வரிக்கு வரி படம் காட்டுகிறார்கள். புத்திசாலித்தனம் என்று பலர் பாராட்டினார்கள். எனக்குக் கண்ணை மூடிக்கொண்டு கேட்பதே போதும். இந்த அலைக்குப் பிறகு வந்த விளம்பரங்களை நினைத்தால் இன்னும் கடுப்பு. இன்ஷூரன்ஸ், பிஸ்கட், பெயின்ட் எதுவானாலும் ஒரு யுகுலேலே, ஒரு விசில், ஒரு கைதட்டல், நடுவில் "ஹேய்!" சாமானை மட்டும் எடுத்துக்கொண்டு பயத்தை விட்டுவிட்டார்கள். நீ பாப்பாவுக்குச் சொல்லும் யோசனைகள் அந்தப் பெயின்ட் விளம்பரத்தில்தான் போய் நிற்கும், எழுதி வைத்துக்கொள்.

அவளிடம் நான் சொன்னதாகச் சொல். குரலை பாத்ரூமில் நின்று பதிவு செய்ய வேண்டாம், எதிரொலியை அப்புறம் எடுக்கவே முடியாது. துணி அடுக்கிய பீரோவைத் திறந்து வைத்துக்கொண்டு அதன் முன்னால் நின்று பாடட்டும், போனே போதும். இப்போதைய டெமோவில் இரண்டாம் நிமிஷத்தில் உங்கள் வீட்டுக் குக்கர் விசில் கேட்கிறது. சுருதியோடு சேரவில்லை, அதை மட்டும் எடுத்துவிடச் சொல். கடைசிப் பல்லவியை ஒரே கிட்டாரோடு மெதுவாக ஒருமுறை, பிறகு ஓங்கி ஒருமுறை பாடிப் பார்க்கட்டும். ஒரு பழைய நோட்டில் தேதி போட்டுத் துண்டு துண்டாக எழுதி வைக்கட்டும், பொருந்துகிறதோ இல்லையோ.

யுகுலேலேயை வெள்ளிக்கிழமை ராத்திரி பஸ்ஸில் பார்சல் போட்டுவிடுகிறேன், காலையில் பஸ் ஸ்டாண்டுக்குப் போய் வாங்கிக்கொள். கேப்போவைப் பைக்குள் ஜிப் போட்ட அறையில் வைத்திருக்கிறேன். உன்னிடம் ஒரே ஒரு வேண்டுகோள்: மேல் தந்தியைத் தப்பாகக் கட்டியிருக்கிறான் என்று நினைத்து, வாத்தியார் கையோடு அதை இறக்கிக் கட்டித் தொலைத்துவிடாதே.

தங்கச்சியை விசாரித்ததாகச் சொல்.

உன்
பழைய கடைப் பங்காளி