சேலஞ்சர் வெறும் ஆய்வுக் கப்பல் அல்ல

ஆசிரியருக்கு,

ஆழ்கடல் பற்றிய கட்டுரையில் சேலஞ்சரை 'ஆய்வுக் கப்பல்' என்று ஒரே வரியில் முடித்துவிட்டீர்கள். எனக்கு மனம் ஆறவில்லை. 1858-ல் லண்டன் அருகே வுல்விச் கப்பல் கட்டும் தளத்தில் நீரில் இறங்கிய அது, பாயும் நீராவியும் சேர்ந்து இயங்கிய பிரிட்டிஷ் போர்க்கப்பல். 1862-ல் மெக்சிகோவின் வேராகுரூஸ் துறைமுகத்தை ஆக்கிரமித்த நடவடிக்கையில் நின்றது. பிறகு பிரிட்டிஷ் கடற்படையின் ஆஸ்திரேலியப் பிரிவுக்குப் போனது. 1868-ல் பிஜித் தீவில் பழிவாங்கும் நடவடிக்கையிலும் ஈடுபட்டது. அந்தக் கறையையும் மறைக்கக் கூடாது.

1872-ல்தான், உலகக் கடல்களை ஆராயும் பயணத்துக்காக, 17 பீரங்கிகளில் இரண்டைத் தவிர மற்றவற்றைக் கழற்றிவிட்டு அந்த இடத்தில் ஆய்வுக்கூடங்கள் அமைத்தார்கள். பயணத்துக்குப் பாய், ஆழம் பார்க்கும்போது பாயைச் சுருட்டி, இயந்திரத்தை ஓட்டி, கப்பலை நின்ற இடத்திலேயே நிறுத்துவார்கள். இல்லையென்றால் ஆழம் அளக்க இறக்கிய கயிறு சாய்ந்து கணக்குத் தப்பிவிடும். 1875 மார்ச் 23 அன்று பசிபிக் கடலின் மரியானா தீவுகள் அருகே சணல் கயிறு 4,475 பாகம் (ஒரு பாகம் ஆறு அடி) இறங்கியது. எட்டு கிலோமீட்டருக்கு மேல்! அந்தக் கயிற்றை இறக்கி ஏற்றிய மாலுமிகளை நினைத்தால் இன்றும் மலைப்பாக இருக்கிறது. சுமார் 240 பேருடன் புறப்பட்ட கப்பல், 1876 மே மாதம் திரும்பியபோது அவர்களில் 144 பேரே மிஞ்சியிருந்தார்கள். இறந்தவர்கள் சிலர்; வேலை தாங்காமல் துறைமுகங்களில் இறங்கி ஓடியவர்களும் உண்டு.

அதன்பின் பயிற்சிக் கப்பல், கடைசியில் பயணம் போகாமல் நங்கூரமிட்டு நின்ற வெறும் கூடு. 1921-ல் உடைப்பதற்கு விற்றுவிட்டார்கள். முகப்புச் சிற்பம் மட்டும் சவுத்தாம்ப்டன் கடலியல் மையத்தில் இருக்கிறது. அடுத்த முறை அதன் படத்தையாவது வெளியிடுங்கள்.

- ஒரு வாசகர், தூத்துக்குடி