ஒரு விரல் அசைவில் பிறந்த விளையாட்டுகள்

அன்புள்ள நண்பனுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. மகள் கல்லூரியில் சேர்ந்த செய்தி மிகுந்த மகிழ்ச்சி தந்தது. உன் பழைய ஐபோனுக்குச் சார்ஜ் ஏற்றி அவளுக்கு விளையாட்டுகளைக் காட்டியதாகவும், அவற்றில் சில உன் புதிய போனில் கிடைக்கவே இல்லை என்றும் எழுதி, ஏன் என்று கேட்டிருந்தாய். அதைப் படித்ததிலிருந்து எனக்கு வேறு நினைவே இல்லை.

நோக்கியாவில் பாம்பு ஆடிய காலத்தில் நம் கட்டைவிரலுக்குப் பொத்தான்களின் மேடு பழக்கமாகியிருந்ததால், திரையை விட்டுக் கண் எடுக்காமலே திருப்புவோம். 2008 ஜூலையில் ஐபோனுக்கான செயலிக் கடையான ஆப் ஸ்டோர் திறந்தபோதோ, விளையாட்டு செய்பவர்களுக்குக் கிடைத்தது வழுவழுப்பான மூன்றரை அங்குலக் கண்ணாடி மட்டுமே. அதன்மேல் பொத்தான்களைப் படமாக வரைந்த விளையாட்டுகளில் விரல் எங்கே இருக்கிறது என்று புரியாமல் நாம் தோற்றுக்கொண்டே இருந்தோம். நம் மனத்தில் நின்றவை எல்லாம் பொத்தானை மறந்து, அந்தக் கண்ணாடிக்கென்றே ஓர் அசைவைக் கண்டுபிடித்தவைதான். 2009இல் வந்த ஃப்ளைட் கண்ட்ரோலில் விமானத்தைத் தொட்டு ஓடுபாதை வரை கோடு இழுத்தோம். டூடுல் ஜம்ப்பில் போனையே சாய்த்தோம். அந்த டிசம்பரில் ஆங்ரி பேர்ட்ஸ் கவணை நம் விரலில் கொடுத்தது. அடுத்த ஆண்டு ஃப்ரூட் நிஞ்சாவில் விரலே கத்தியானது.

ஆனால் எனக்கு இவை அனைத்திலும் உயர்ந்தது, ஆடம் சால்ட்ஸ்மன் 2009இல் செய்த கேனபால்ட். கூரைக்குக் கூரை தானாக ஓடுகிற மனிதனுக்கு நாம் செய்யக்கூடியது தாவச் சொல்வது ஒன்றே. வேகம் கூடிக்கொண்டே போகும். வழியில் கிடக்கும் பெட்டியில் இடித்தால் வேகம் குறையும். தொடக்கத்தில் அந்தப் பெட்டிகளைத் தடைகள் என்றே எண்ணி விலகினேன். பல நாள் கழித்துத்தான், கட்டுப்பாடு கைமீறும் நேரத்தில் வேண்டுமென்றே இடித்துக்கொள்வதற்கு உதவும் பிரேக்குகளும் அவைதாம் என்று விளங்கியது. ஒரே தொடுதலுக்குள் இத்தனை யோசனையை அடக்கியவரை இன்றும் வியக்கிறேன்.

நீ கேட்டதற்கு வருகிறேன். அக்காலச் செயலிகள் 32 பிட் கருவிகளுக்காக, அதாவது பழைய வகைச் சில்லு கொண்ட போன்களுக்காக, எழுதப்பட்டவை. 2017இல் வந்த ஐபோன் இயங்குதளமான ஐஓஎஸ் 11 அவற்றை இயக்குவதை அடியோடு நிறுத்தியது. செய்தவர்கள் திரும்ப வேலை செய்து புதுப்பித்தவை மட்டுமே பிழைத்தன; சிறு குழுக்கள் செய்த பல விளையாட்டுகளுக்கு அப்படிச் செய்ய ஆளில்லை. முதல் ஆங்ரி பேர்ட்ஸைக்கூட, கடையிலிருந்து விலக்கிய பிறகு, 2022இல் அடியிலிருந்து மறுபடி கட்டித்தான் அதைச் செய்த ரோவியோ நிறுவனம் கொண்டுவந்தது. காசு கொடுத்து வாங்கிய நம்மிடம் விளையாட்டு இல்லாமல் போனதை என்னால் இன்னும் ஏற்க முடியவில்லை.

ஆகவே உன் பழைய போனில் எந்தப் புதுப்பித்தலுக்கும் சம்மதிக்காதே. எந்த விளையாட்டையும் நீக்காதே, திரும்பக் கிடைக்காமல் போகலாம். பேட்டரி முழுதும் வற்றாதபடி பாதிச் சார்ஜில் எடுத்து வை. டிசம்பரில் வருகிறேன். கேனபால்ட் அதில் இருக்கிறதா என்று மட்டும் பார்த்து எழுது.

அன்புடன்,
உன் நண்பன்