உடைந்த எலும்பு ஒன்றுதான், குறியீடுதான் இரண்டு: நிராகரித்த கிளைம் பற்றிய புகார்

அனுப்புநர்:
பாலிசிதாரர்,
குடியாத்தம், வேலூர் மாவட்டம்.

பெறுநர்:
குறைதீர்ப்பு அதிகாரி,
மருத்துவக் காப்பீட்டு நிறுவனம், சென்னை.

பொருள்: மனைவியின் இடது கை அறுவை சிகிச்சைக்கான கிளைமை நிராகரித்தது – மறுபரிசீலனை கோருதல்.

ஐயா / அம்மா,

வணக்கம். குடியாத்தத்தில் லுங்கி மொத்த வியாபாரம் செய்கிறேன். 2023 செப்டம்பரில் உங்களிடம் குடும்ப பாலிசி எடுத்தேன். ஒரு நாள்கூடத் தவறாமல் புதுப்பித்திருக்கிறேன்.

2024 ஆகஸ்டில் காட்பாடி ரயில்வே மேம்பாலத்தின் இறக்கத்தில், மழைத் தண்ணீரில் ஸ்கூட்டர் வழுக்கி என் மனைவி விழுந்தாள். இடது மேல் கை எலும்பு, தோளுக்கும் முழங்கைக்கும் நடுவில் குறுக்கே முறிந்தது. வேலூரில் ஒரு மருத்துவமனையில் இரண்டு நாள் இருந்தோம். மாவுக்கட்டு, அப்புறம் பிரேஸ். அந்த கிளைமை ஏஆர் காப்பியோடு (மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டு நகல்) அனுப்பினேன், நீங்களும் பணம் கொடுத்தீர்கள். அதில் எந்தக் குறையும் இல்லை.

மூன்று, நான்கு மாதத்தில் கூடிவிடும் என்றார்கள். கூடவில்லை. ஏப்ரலில் ஒரு நாள் காலை அடுப்பிலிருந்து இட்லிக் குண்டானை இறக்கப் போனவளின் கை, மேல் கையின் நடுவிலேயே மடங்கியது. அங்கே இன்னொரு முட்டி முளைத்தது போல. வலி பெரிதாக இல்லை என்றாள், அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. எக்ஸ்ரேயில் முறிந்த இரண்டு முனையும் கூழாங்கல் மாதிரி மழுங்கி, நடுவில் கறுப்பாக ஒரு கோடு தெரிந்தது. எலும்பு கூடுவதை நிறுத்திவிட்டு, அந்த இடத்தில் பொய் மூட்டு ஒன்று உண்டாகிவிட்டது என்றார் டாக்டர். முறிந்து ஒன்பது மாதம் ஆகியும் கூடாமல், கடைசி மூன்று மாத எக்ஸ்ரேயில் முன்னேற்றமும் இல்லையென்றால் இனி தானாகக் கூடாது என்று கணக்காம். 2025 ஜூனில் அறுவை சிகிச்சை நடந்தது. மழுங்கிய முனைகளைச் சுரண்டி, இடுப்பு எலும்பிலிருந்து துண்டு எடுத்து வைத்து, பிளேட்டும் எட்டு ஸ்க்ரூவும் போட்டார்கள். மணிக்கட்டைத் தூக்கும் நரம்பு அந்த எலும்பை ஒட்டியே ஓடுவதால் அதைப் பார்த்துப் பார்த்து ஒதுக்க வேண்டியிருந்ததாம். மொத்தச் செலவு 1,86,400 ரூபாய்.

இனி உங்கள் பக்கத்துக் கதை. முதலில் போனில் பேசியவர் கேட்டது, "புத்தூர் கட்டு போட்டீங்களா சார்?" இல்லை. என் மாமியார் இன்றுவரை "அன்னைக்கே புத்தூருக்குப் போயிருந்தா கூடியிருக்கும்" என்றுதான் சொல்கிறார். ஆனாலும் நாங்கள் போகவில்லை.

அடுத்து, உங்களுக்காக கிளைம்களைக் கவனிக்கும் டிபிஏ நிறுவனத்திலிருந்து ஒரு கடிதம். கிளைமை எஸ்42.3 என்ற நோய்க் குறியீட்டில், அதாவது மேல் கை எலும்பின் தண்டு முறிவு என்று பதிந்துகொண்டு, ஜூன் மாதத்து விபத்துக்கு ஏஆர் காப்பி எங்கே என்று கேட்டார்கள். ஜூனில் விபத்தே நடக்கவில்லை. மருத்துவமனை தன் படிவத்தில் எம்84.1, முறிவு கூடாமை என்று தெளிவாக எழுதியிருக்கிறது, அதைப் பாருங்கள் என்று பதில் அனுப்பினேன். பார்த்தார்கள் போலிருக்கிறது. பதினோரு நாள் கழித்து நிராகரிப்புக் கடிதம் வந்தது: எம் என்று தொடங்குவது எலும்பு, மூட்டு நோய், அதற்கு 24 மாதக் காத்திருப்பு, உங்களுக்கு 21 மாதம்தான் ஆகிறது.

எஸ் என்றால் புது விபத்துக்குச் சான்று கேட்கிறீர்கள், எம் என்றால் பழைய நோய் என்கிறீர்கள். இரண்டுக்கும் நடுவில் என் மனைவியின் கை தொங்குகிறது.

என் மகள் சென்னையில் மெடிக்கல் கோடிங் வேலை பார்க்கிறாள், அமெரிக்க மருத்துவமனைகளின் கோப்புகளுக்கு இப்படி நோய்க் குறியீடு போடும் வேலை. அவளிடம் காட்டினேன், தலையில் அடித்துக்கொண்டாள். இந்தக் குறியீடுகள் ஐசிடி என்ற உலக நோய்ப் பட்டியலில் வருபவை. அதன் பத்தாம் பதிப்பை அமெரிக்கா தனக்கென்று திருத்தி வைத்திருக்கிறது, அதில் இந்தத் தகராறே வராதாம். அங்கே எலும்பு கூடாவிட்டாலும் அதே காயக் குறியீடுதான், ஏழாவது எழுத்து மட்டும் மாறும். மூடிய முறிவுக்கு (எலும்பு தோலைக் கிழித்து வெளியே வராதது) முதல் சிகிச்சை என்றால் ஏ, ஒழுங்காகக் கூடி வந்தால் டி, தாமதமானால் ஜி, கூடவே இல்லையென்றால் கே, கோணலாகக் கூடினால் பி. என் மனைவியின் கை அங்கே எஸ்42.322ஏ என்று தொடங்கி எஸ்42.322கே என்று ஆகியிருக்கும். விலகிய குறுக்கு முறிவு, இடது கை, கூடவில்லை, எல்லாம் ஒரே வரியில்.

நம் ஊர் மருத்துவமனை எழுதியது உலக சுகாதார நிறுவனத்தின் பதிப்பு. அதில் அந்த ஏழாவது எழுத்து கிடையாது. கூடாத முறிவு எம் அத்தியாயத்துக்குப் போய்விடும். ஆனால் எம்84.1 என்பதன் பெயரே 'முறிவு கூடாமை'. முறிவு இல்லாமல் அது எப்படி வரும்? தேய்மானமும் வாதமும் இருக்கிற அத்தியாயத்தில் அச்சடித்திருப்பதால் விபத்து விபத்து இல்லாமல் போய்விடாது. காத்திருப்புப் பட்டியலை பாலிசியில் மூன்று முறை படித்தேன். முறிவு கூடாமை அதில் இல்லை. மூட்டு மாற்று இருக்கிறது, அதற்கும் 'விபத்தால் நேர்ந்தது நீங்கலாக' என்று நீங்களே போட்டிருக்கிறீர்கள்.

ஆகவே 2024 கிளைமின் எஸ்42.3ஐயும் 2025 கிளைமின் எம்84.1ஐயும் சேர்த்து வைத்து, எலும்பு டாக்டர் ஒருவரை விட்டுப் படிக்கச் சொல்லுங்கள். உங்கள் ஹெல்ப்லைனில் நான்கு முறை கேட்ட "கோடு சிஸ்டத்துல மேட்ச் ஆகல சார்" வேண்டாம். 1,86,400 ரூபாயைத் தாமதத்துக்கான வட்டியோடு கொடுங்கள். மறுப்பதானால் எந்த விதியின்படி என்று எண்ணோடு எழுதுங்கள். கிளைம் மறுஆய்வுக் குழுவின் ஒப்புதல் இல்லாமல் நிராகரிக்கக் கூடாது என்று காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையமான ஐஆர்டிஏஐ சொல்கிறது, அந்த ஒப்புதலின் நகலும் வேண்டும்.

14 நாள் பார்ப்பேன். அதற்குள் பதில் இல்லையென்றால் ஐஆர்டிஏஐயின் புகார் தளமான பீமா பரோசாவில் பதிவேன், ஒரு மாதம் தாண்டினால் தேனாம்பேட்டையில் இருக்கும் காப்பீட்டு ஆம்புட்ஸ்மேனிடம் (காப்பீட்டுப் புகார்களை விசாரிப்பவர்) போவேன். குடியாத்தத்திலிருந்து சென்னைக்கு ரயில் இருக்கிறது.

இரண்டு டிஸ்சார்ஜ் சம்மரி, 2024 ஏஆர் காப்பி, தேதி போட்ட ஐந்து எக்ஸ்ரே நகல் இணைத்திருக்கிறேன். ஏப்ரல் மாத எக்ஸ்ரேயை மட்டுமாவது வெளிச்சத்தில் தூக்கிப் பாருங்கள்.

இப்படிக்கு,
பாலிசிதாரர்