நையாண்டிக்கும் ஒரு கதிரை போடுங்கள்

மலையகத்தில் சிறுகதைப் போட்டி நடத்தும் அன்பர்களுக்கும் நடுவர்களுக்கும்,

வணக்கம். உங்களிடம் பரிசு வாங்கும் கதைகளில் தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்துக் கூரை ஒழுகும், அம்மா இருமுவார், கடைசிப் பந்தியில் மழை கொட்டும். இதெல்லாம் பொய் என்று சொல்லவில்லை. ஆனால் யாராவது நையாண்டியாக எழுதி அனுப்பினால், "நல்லாத்தான் இருக்கு, பகிடிதானே" என்று ஓரமாக வைத்துவிடுகிறீர்களே, ஏன்?

எழுத்தாளர் இந்திரா பார்த்தசாரதியைப் பாருங்கள். அவர் டில்லிப் பல்கலைக்கழகத்தில் தமிழ் கற்பித்தவர். வார்சாவிலும் பாடம் எடுத்தார், புதுவைப் பல்கலைக்கழக நாடகத்துறைக்குத் தலைமை தாங்கினார். பேராசிரியர் என்பதற்காகப் பேனாவை அடக்கி வைக்கவில்லை. டில்லி அதிகார வட்டமும் படித்தவர்களின் பாசாங்கும் அவரிடம் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டன. தமிழ்நாட்டு அரசியலைக் கிண்டலடிக்கும் 'வேதபுரத்து வியாபாரிகள்' அவருடையதுதான். 1968இல் தமிழ்நாட்டின் கீழ்வெண்மணியில் கூலிப் போராட்டத்துக்குப் பழிவாங்க 44 பேரை எரித்துக் கொன்றதைப் பின்னணியாக வைத்து 'குருதிப்புனல்' எழுதி, 1977இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றவரும் அவரே. இரண்டையும் எழுதியது ஒரே கை. நக்கலடிப்பவனுக்கு வலி தெரியாது என்று இனியும் சொல்வீர்களா?

நமக்குச் சரக்கா இல்லை? தேயிலைத் தோட்டத்துத் தராசடிக்குப் போய் நின்று பாருங்கள். கொழுந்து நிறுக்கும்போது சாக்குக்கு ஒரு கழிவு, ஈரத்துக்கு ஒரு கழிவு. வெயில் மண்டையைப் பிளக்கிற நாளிலும் ஈரத்துக்குக் கழிப்பார்கள். அப்புறம் கிலோ குறைகிறது என்று அரைநாள் சம்பளத்துக்கு அரைப்பேர் போடுவார்கள். காலையில் முழு உடம்போடு மலை ஏறிய பெண், பின்னேரம் செக்ரோல் என்ற சம்பளப் பதிவேட்டில் பாதி ஆள்! ஆயிரம் ரூபா நாட்சம்பளம் மேடைகளில் எத்தனையோ தடவை கிடைத்துவிட்டது, அரசிதழான வர்த்தமானியில் 2021இல்தான் கிடைத்தது. இதை அழுதுகொண்டே எழுத என்னால் முடியவில்லை.

தோட்டப் பாடசாலை ஆசிரியர்களும் விரிவுரையாளர்களும் தேநீர் நேரத்தில் அடிக்கும் நக்கலைக் கேட்டால் வயிறு வலிக்கும். அதையே எழுதச் சொன்னால் கண்ணீர்க் கதையோடு வருவார்கள். பரிசு எங்கே இருக்கிறது என்று அவர்களுக்குத் தெரியும். தண்டனை இடமாற்றம் எங்கே இருக்கிறது என்பதும் தெரியும்.

ஆகவே அடுத்த அறிவித்தலில் அங்கதக் கதைக்குத் தனிப் பிரிவு வையுங்கள். புனைபெயரில் எழுத விடுங்கள். நடுவர் குழுவில் சிரிக்கத் தெரிந்த ஒருவரையாவது சேருங்கள். பரிசுத் தொகை சின்னதாக இருந்தாலும் சரி.

முதல் கதையை நானே அனுப்புகிறேன். அது தோட்டத்தில் வேலை வாங்கும் கணக்கப்பிள்ளையைப் பற்றியது அல்ல, நடுவர்களைப் பற்றியது.

இப்படிக்கு,
ஹட்டனிலிருந்து ஒரு தமிழாசிரியர்