மேரி ஜான்சன் பாடிய பாட்டு

டொராண்டோ

அன்புள்ள மாப்பிள்ளை,

உன் இரண்டு கடிதத்துக்கும் பதில் போடாதது தப்புதான். அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் சந்தோஷம். இங்கே எல்லாரும் சுகம்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். வன உரிமை மனுவை நிராகரித்த அதிகாரி, "கிழவி சொன்னதைக் கேட்டு உரிமை கொடுக்க முடியுமா?" என்றாராமே. அதைப் படித்ததிலிருந்து மனசே சரியில்லை. காரணம், நான் இரண்டு மாதமாக ஜான் பாரோஸ் எழுதியதைத்தான் படித்துக்கொண்டிருக்கிறேன்.

பாரோஸ் இங்கே கனடாவில் அனிஷினாபே என்ற பழங்குடி இனத்தவர், சட்டப் பேராசிரியர். நாம் தீர்ப்புகளை அலசுவதுபோல அவர் தன் மக்களின் நானபுஷ் என்ற குறும்புக்கார நாயகனின் கதைகளை அலசி, அதிலிருந்து சட்டத்தை எடுக்கிறார். வெள்ளைக்காரன் கப்பலில் வந்து இறங்கும் முன்பே இந்த மண்ணில் சட்டம் இருந்தது என்பது அவர் வாதம். ஜார்ஜியன் விரிகுடா ஓரத்தில் இருக்கும் தன் ஊருக்கே மாணவர்களைக் கூட்டிப்போய்ப் பாடம் நடத்துகிறார். 2018-இல் விக்டோரியா பல்கலைக்கழகத்தில் கனடாவின் பொதுச் சட்டத்தோடு பழங்குடிச் சட்டத்தையும் சேர்த்துச் சொல்லித்தரும் நான்கு வருடப் பட்டப்படிப்பு தொடங்கியதில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. எழுதாதது எப்படிடா சட்டமாகும் என்று மெஸ்ஸில் என்னோடு மல்லுக்கு நின்றாயே, ஞாபகம் இருக்கிறதா? கண்ணாடி சார் இதைக் கேட்டிருந்தால் உன்னைப் பெஞ்சு மேல் ஏற்றியிருப்பார்.

டெல்கமுக் வழக்கைக் கேள். கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியாவில் பழங்குடி மக்கள் தங்களுடையது என்று உரிமை கோரியது 58,000 சதுர கிலோமீட்டர் நிலம். அவர்களில் கிட்க்சான் இனத்து மூதாட்டி மேரி ஜான்சன் சாட்சிக் கூண்டில் நின்று, தன் குலத்தின் பழைய பாட்டைப் பாட வேண்டும் என்கிறார். அதுதான் அவர்களுக்கு நிலப் பத்திரம். தனக்குப் பாட்டுக் கேட்கும் காது இல்லை, பாடிப் பயனில்லை என்கிறார் நீதிபதி. அந்த அம்மா பாடிவிட்டுத்தான் இறங்கினார். 1991-இல் வழக்குத் தோற்றது. 1997 டிசம்பரில் கனடா உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது: வாய்வழி வரலாற்றையும் எழுத்துச் சான்றுக்குச் சமமாக வைத்துப் பார்க்க வேண்டும் என்றது, மறுவிசாரணைக்கும் உத்தரவிட்டது. ஆனால் அந்த விசாரணை நடக்கவே இல்லை. அதை நினைத்தால் இன்னும் வயிறு எரிகிறது.

நம் ஊரில் அந்த அளவுக்குப் போராட வேண்டியதுகூட இல்லை, மாப்பிள்ளை. வன உரிமைச் சட்டத்துக்கு 2008-இல் வந்த விதிகளில் 13-ஆவது விதியை எடுத்துப் பார். மனு போட்டவர் அல்லாத முதியவர் சொல்வதை எழுதி வாங்கினால் அதுவும் சான்றுதான். பழைய கிணறு, சுடுகாடு, சாமி கும்பிடும் இடம் எல்லாமே சான்று. ஒன்றுக்கு மேல் வேண்டும், அவ்வளவுதான். பாட்டியைக் கூட்டிக்கொண்டு நடந்து, அவர் சொல்லச் சொல்ல ஒவ்வொரு இடத்தையும் குறித்துக்கொள். நிராகரித்ததை எதிர்த்து மாவட்டக் குழுவிடம் முறையிட 60 நாள்தான். இதில் எத்தனை நாள் போய்விட்டது?

நிராகரித்த உத்தரவைப் படம் எடுத்து இன்றைக்கே அனுப்பு. இந்தத் தடவை உடனே பதில் போடுவேன்.

அன்புடன்,
உன் ரூம்மேட்