ரேடியோ அலை ஒளிக்குத்தான் சொந்தம்

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். மொரீசியஸிலிருந்து எழுதுகிறேன். ஃபிளாக் மாவட்டத்தில் ஒரு தொடக்கப் பள்ளியில் தமிழ் கற்றுக்கொடுக்கிறேன். உங்கள் பத்திரிகையை இணையத்தில் படித்துவிட்டு, மாணவர் பக்கத்தை மட்டும் அச்செடுத்து வகுப்புக்குக் கொண்டுபோவது வழக்கம். பாடப்புத்தகத்தைத் தாண்டி இங்கே பிள்ளைகளுக்குத் தமிழில் படிக்க அதிகம் கிடைப்பதில்லை, எங்கள் ஊர் ரூபாய் நோட்டில் இருக்கும் தமிழை எழுத்துக்கூட்டிப் படிப்பதையே ஒரு பயிற்சியாக வைத்திருக்கிறேன் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். போன மாதம் ரேடியோவைப் பற்றி வந்த கட்டுரையையும் அப்படித்தான் கொண்டுபோனேன். அதில், வானொலி அலைகள் காற்றில் பரவும் ஒலி அலைகள் என்று இருந்தது. நான் அந்த வரியை வாசித்து முடித்ததுமே ஒரு மாணவி கையைத் தூக்கிவிட்டாள்.

"மிசியே, நிலாவில் காற்றே இல்லை என்று சொன்னீர்களே, அப்புறம் அங்கே போனவர்கள் எப்படிப் பூமியோடு பேசினார்கள்?" (ஆசிரியரை இங்கே மிசியே என்றுதான் கூப்பிடுவார்கள்.)

அவள் கேட்டது சரி. கட்டுரையில் இருந்ததுதான் தப்பு. நிலா ஏறக்குறைய 3,84,000 கிலோமீட்டர் தூரத்தில் இருக்கிறது. ஒலி நொடிக்கு 340 மீட்டர் போகும். நடுவில் முழுக்கக் காற்று இருக்கிறது என்று வைத்துக்கொண்டாலும், 1969-இல் ஆர்ம்ஸ்ட்ராங் நிலாவில் பேசியது பூமிக்கு வந்து சேர 13 நாள் ஆகியிருக்கும். வந்ததோ ஒன்றேகால் நொடி சொச்சத்தில். அது ஒளியின் வேகம், நொடிக்கு 3 லட்சம் கிலோமீட்டர். இந்தக் கணக்கைக் கரும்பலகையில் போட்டுக் காட்டியதும் பிள்ளைகளுக்குப் புரிந்துவிட்டது, ஆனால் அச்சில் வந்ததை நான் மறுக்க வேண்டியிருந்ததே என்ற வருத்தம் எனக்குப் போகவில்லை.

குழப்பத்துக்குக் காரணம் என்ன என்று தமிழாசிரியனாக யோசித்துப் பார்த்தேன். சொல்லிலேயே இருக்கிறது. வானொலி என்பது நிலையத்துக்கும் பெட்டிக்கும் மிக நல்ல பெயர், நானும் ஆசையாகச் சொல்லும் சொல்தான். ஆனால் அலைக்கு அதே பெயரை வைத்து "வானொலி அலை" என்று எழுதும்போது, வானத்தில் ஏதோ ஒலி போய்க்கொண்டிருக்கிறது என்றுதான் பிள்ளை நினைக்கும். ரேடியோ அலை ஒளியின் குடும்பம். மின்காந்த அலை. ஒலிக்கும் ஒளிக்கும் ஓர் எழுத்துதான் வித்தியாசம், அந்த லகரத்தையும் ளகரத்தையும் பிரித்து உச்சரிக்க வைப்பதற்கே கிரெயோல் பேசி வளரும் இந்தப் பிள்ளைகளோடு வருடக்கணக்காகப் பாடுபடுகிறேன், இந்த இடத்தில் அந்த ஓர் எழுத்து மாறினால் அறிவியலே மாறிப்போகிறது. இது ஒரே குடும்பம் என்று மேக்ஸ்வெல் 1860-களிலேயே கணக்குப் போட்டுச் சொன்னார், 1887-88-இல் ஹெர்ட்ஸ் ஜெர்மனியில் தன் ஆய்வுக்கூடத்தில் அந்த அலையை உண்டாக்கி, கண்ணாடியில் பட்ட ஒளி போல அது திரும்புவதைக் காட்டினார். 1895-இல் கல்கத்தாவில் ஜகதீச சந்திர போஸ் சில மில்லிமீட்டர் நீள அலையைச் சுவரைத் தாண்டி அனுப்பி மணி அடிக்க வைத்தார்.

அப்படியானால் பெட்டியில் பாட்டு கேட்கிறதே என்பார்கள். பாடுபவரின் குரல் மைக்கோடு நின்றுவிடுகிறது. அங்கே அது மின்சாரமாக மாறி, அலையின் மேல் ஏறிக்கொண்டு வருகிறது, நம் வீட்டுப் பெட்டியின் ஸ்பீக்கரில்தான் மறுபடி ஒலியாகிறது. நடுவழியில் ஒலி கிடையாது.

இதை வீட்டிலேயே சோதித்துப் பார்க்கலாம். கோடையில், அதாவது எங்களுக்கு ஜனவரி பிப்ரவரியில், இடி மின்னல் வரும் மாலைகளில் வீட்டுக்குள்ளேயே உட்கார்ந்துகொண்டு, பேட்டரியில் ஓடும் பழைய டிரான்சிஸ்டரை மீடியம் வேவில், எந்த நிலையமும் இல்லாத இடத்தில் வைத்துக்கொள்ளச் சொல்வேன். ஜன்னலில் மின்னல் வெட்டும் அதே கணத்தில் பெட்டி 'கரக்' என்னும். இடி அப்புறம்தான் வரும், எண்ணிக்கொண்டே இருந்தால் சில சமயம் 9 வரை எண்ணலாம், அப்படியென்றால் மின்னல் 3 கிலோமீட்டர் தள்ளி வெட்டியிருக்கிறது. ஒரே மின்னலிலிருந்து மூன்றும் புறப்பட்டன, ஒளியும் ரேடியோ அலையும் கைகோத்துக்கொண்டு முதலில் வந்துவிட்டன, ஒலி மெதுவாக நடந்து வந்தது. யார் யாருக்குச் சொந்தம் என்று இதைவிடத் தெளிவாக எந்தப் படமும் காட்டாது. என் பாட்டி வீட்டில் புயல் எச்சரிக்கைக்காகக் காத்திருந்த இரவுகளில் அந்தக் கரகரப்பை எத்தனையோ முறை கேட்டிருக்கிறேன், என்னவென்று சொல்லத்தான் அப்போது யாரும் இல்லை.

உங்கள் கட்டுரையின் கடைசிப் பத்தியில், ரேடியோ தொலைநோக்கிகள் விண்மீன்களின் ஓசையைக் கேட்கின்றன என்றும் இருந்தது. இதற்கு நான் அவசியம் பதில் சொல்ல வேண்டும், ஏனென்றால் அப்படி ஒன்று எங்கள் தீவிலேயே இருக்கிறது. பிரா-தோ என்ற இடம், கடற்கரையை ஒட்டிய காடு. மொரீசியஸ் பல்கலைக்கழகமும் பெங்களூரின் ராமன் ஆய்வு நிறுவனமும் இந்திய வான் இயற்பியல் நிறுவனமும் சேர்ந்து கட்டிய மொரீசியஸ் ரேடியோ தொலைநோக்கி அது, 1990-களின் தொடக்கத்தில் வேலை செய்ய ஆரம்பித்தது. பெரிய கிண்ணத்தைத் தேடிக்கொண்டு போனால் ஏமாந்துபோவீர்கள். கம்பிவலையின் மேல் நிற்கும் சுருள் சுருளான ஆன்டெனாக்கள், கிழக்கு மேற்காக 2048 மீட்டருக்கு 1024 சுருள்கள், எல்லாம் தெற்குப் பக்கம் 20 பாகை சாய்ந்து நிற்கும். இந்தத் தீவே நிலநடுக்கோட்டுக்குத் தெற்கே 20 பாகையில் இருக்கிறது, அந்தச் சாய்வோடு சேர்த்தால் இந்தியாவிலிருந்து சரியாகத் தெரியாத தென்வானம் நன்றாகக் கிடைக்கும். நம் பால்வீதியின் மையமே எங்களுக்கு ஆடி மாத இரவில் ஏறக்குறைய தலைக்கு மேலே வரும்.

வடக்கு தெற்காக 880 மீட்டருக்குத் தண்டவாளம். அதில் 15 தள்ளுவண்டிகள், வண்டிக்கு நான்கு சுருள். ஒரு நாள் பூமி சுற்றச் சுற்ற வானம் மேலே நகர்ந்து போவதைப் பதிவு செய்தார்கள், பிறகு வண்டிகளை இடம் மாற்றி வைத்து மறுபடி அதே வானம். சுருள்களுக்கு இடையே வேண்டிய எல்லா இடைவெளியும் கிடைக்கக் குறைந்தது 60 நாள். எல்லாவற்றையும் கணினியில் சேர்த்ததும் தென்வானத்தின் படம் வந்தது. படம்! ஓசை எதுவும் இல்லை. அந்தத் தொலைநோக்கி ஒரு கண்.

எவ்வளவு பெரிய கண் என்பதுதான் எனக்கு மிகவும் பிடித்த கணக்கு. அது வேலை செய்தது 151.5 மெகாஹெர்ட்ஸில், எஃப்எம் நிலையங்களுக்குச் சற்று மேலே, அலையின் நீளம் ஏறக்குறைய 2 மீட்டர். நாம் பார்க்கும் ஒளியின் அலைநீளமோ ஒரு மில்லிமீட்டரில் ஏறக்குறைய இரண்டாயிரத்தில் ஒரு பங்கு. நம் கண்ணின் நடுவில் ஒளி நுழையும் கறுப்புத் துளையான 5 மில்லிமீட்டர் பாப்பாவுக்குள் அப்படிப்பட்ட அலை பத்தாயிரம் அடங்கும். அதே கணக்கில் 2 மீட்டர் அலைக்கு ஒரு கண் வேண்டுமென்றால், அதன் பாப்பா 20 கிலோமீட்டர் அகலம் இருக்க வேண்டும். பிரா-தோவில் 2 கிலோமீட்டர்தான் போட முடிந்தது, அதனால் அதன் பார்வை நம் வெறும் கண்ணைவிடக் கொஞ்சம் மங்கல்தான், முழுநிலாவின் ஏழில் ஒரு பங்கு அளவுக்குள் இருப்பதை அதனால் பிரித்துப் பார்க்க முடியாது. ஆனால் நம் கண்ணுக்குச் சுத்தமாகத் தெரியாத, வெடித்துப்போன விண்மீன்களின் மிச்சங்கள் அதற்குத் தெரியும்.

'டிக் டிக்' என்று துடிக்கும் விண்மீன் ஓசைகள் இணையத்தில் சுற்றுகின்றன, எனக்கும் தெரியும். அவை பதிவான எண்களைப் பின்னால் ஸ்பீக்கரில் விட்டுச் செய்தவை. 1967-இல் கேம்பிரிட்ஜில் ஜோசலின் பெல் முதல் துடிப்பு விண்மீனைக் கண்டுபிடித்தபோது எதையும் காதால் கேட்கவில்லை. காகிதச் சுருளில் பேனா கீறிய கோட்டைக் கண்ணால் பார்த்துப் பார்த்து, 1.3 நொடிக்கு ஒரு முறை மேலெழும்பும் சின்ன மேட்டைப் பிடித்தார்.

தமிழ்நாட்டு வாசகர்களுக்கு இவ்வளவு தூரம்கூடப் போக வேண்டாம். ஊட்டி பக்கத்தில் முத்தோரையில் 530 மீட்டர் நீளமும் 30 மீட்டர் அகலமும் உள்ள ரேடியோ தொலைநோக்கி 1970-இலிருந்து இருக்கிறது. மலைச்சரிவு 11 பாகை, அந்த இடத்தின் அட்சரேகையும் 11 பாகை, அதனால் சரிவில் படுக்க வைத்த தொலைநோக்கியின் அச்சு பூமியின் அச்சுக்கு இணையாக அமைந்துவிடுகிறது, அந்த ஓர் அச்சில் மெல்லத் திருப்பிக்கொண்டே போனால் வானில் ரேடியோ அலை வரும் ஒரு மூலத்தை மணிக்கணக்காகப் பின்தொடரலாம். அதைக் கட்டிய வானியலாளர் கோவிந்த் சொரூப் அதற்காகவே அந்தச் சரிவைத் தேர்ந்தெடுத்தார். அடுத்த முறை படம் போடும்போது அதைப் போடுங்கள்.

நான் கேட்பது பெரிதாக ஒன்றும் இல்லை. பிள்ளைகளுக்கான பக்கத்தில் அலைக்கு "ரேடியோ அலை" என்றே எழுதுங்கள், வானொலியை நிலையத்துக்கும் பெட்டிக்கும் வைத்துக்கொள்ளுங்கள். தொலைநோக்கி "பார்க்கிறது" என்று எழுதுங்கள். திருத்தத்தை வேறெங்காவது மூலையில் போடாமல் அதே மாணவர் பக்கத்தில் போடுங்கள், ஏனென்றால் கையைத் தூக்கிய அந்தப் பெண் பழைய பக்கத்தைத் தன் நோட்டில் ஒட்டி வைத்திருக்கிறாள், இதையும் வெட்டி அதன் பக்கத்திலேயே ஒட்டுவதற்கு இடம் விட்டிருக்கிறாள்.

அன்புடன்,
ஒரு தமிழாசிரியர்,
ஃபிளாக் மாவட்டம், மொரீசியஸ்