ஜாம் போத்தல்

அன்பு மகள்,

போன கிழமை போனில கேட்டாய், "ஏனம்மா இன்னும் வெறும் ஜாம் போத்தலுகளைக் கழுவிக் கழுவி வைக்கிறியள்?" எண்டு. போனில சொல்லுற கதையில்லை. அதுதான் எழுதுறன்.

2017-இல ஒக்கிப் புயலுக்கு இஞ்ச கன்னியாகுமரிப் பக்கம் பழவிளையில நாள்கணக்கா கரண்ட் இல்லாமல் இருந்ததெல்லே. வாழையும் ரப்பரும் முறிஞ்சு கிடந்துது. அப்ப நான் போத்தல் விளக்குக் கொளுத்த, பக்கத்து வீட்டு அக்கா "மக்களே, இதை எங்க படிச்ச?" எண்டு கேட்டா. நீ பிறந்ததே அந்த வெளிச்சத்திலதான், பிள்ளை.

1990 ஜூனில யாழ்ப்பாணத்துக்குக் கரண்ட் நிண்டது. குடாநாட்டு வாசல் ஆனையிறவில ஆமி. பெற்றோல், பற்றறி, சவுக்காரம் எல்லாத்துக்கும் தடை. பனம்பழத்தைப் பிசைஞ்சு உடுப்புத் தோய்ச்சம். அந்த மணத்துக்கு மாடு வந்து கொடியில கிடக்கிற உடுப்பைச் சப்பும். அப்பா சைக்கிளைக் கவிழ்த்துப் போட்டு மிதியைச் சுத்துவார், டைனமோவில ரேடியோ பாடும், சனம் சுத்தி நிண்டு பிபிசி தமிழோசை கேக்கும். கை ஓய்ஞ்சால் செய்தியும் ஓய்ஞ்சிடும்.

விளக்கு இப்பிடித்தான்: போத்தலுக்கு அடியில பஞ்சு, அது நனையிற அளவுக்கு மட்டும் மண்ணெண்ணெய், சைக்கிள் வால்வுக்குள்ளால ஒரு மெல்லிய திரி. சுடர் ஒரு நெல்லளவு. குண்டு போடுற பொம்மர்ச் சத்தம் கேட்டால் ஊதி அணைச்சிட்டு, உன்னைத் தூக்கிக்கொண்டு பங்கர்க் குழிக்க இறங்குவன்.

1995 ஒக்டோபர் 30 பின்னேரம், ஆமி நெருங்கி வர, எல்லாரையும் யாழ்ப்பாணத்தை விட்டு வெளிக்கிடச் சொல்லி இயக்கப் பெடியள் ஒலிபெருக்கியில அறிவிச்சவை. அம்மம்மா வரமாட்டன் எண்டுட்டா. "நான் விளக்கைக் கொளுத்திக்கொண்டு இருக்கிறன், நீ பிள்ளையைக் கொண்டு போ" எண்டா. வீட்டில அரைப் போத்தல் எண்ணெய் இருந்தது. உனக்கு இருட்டெண்டால் பயம் எண்டு அதை நான் எடுத்துக்கொண்டு வந்திட்டன். அவவின்ர விளக்கில எவ்வளவு கிடந்ததெண்டு பாக்கேல்லை.

வெளியேறுற வழியில நாவற்குழிப் பாலத்தில ஒரு அடி வைக்க எவ்வளவு நேரம். கொட்டுற மழை. குடையைக் கவிழ்த்துப் பிடிச்சுத் தண்ணி எடுத்து உனக்குப் பருக்கினன். எண்ணெய்ப் போத்தலை எங்கேயோ அந்த நெரிசலுக்க விட்டிட்டன். ஒரு நாளும் கொளுத்தேல்லை.

அம்மம்மாவின்ர செய்தி நாங்கள் கடல் கடந்து இந்தியாவுக்கு வந்து மண்டபம் அகதி முகாமில இறங்கினதுக்குப் பிறகுதான் வந்தது. அதை இன்னொரு நாள் எழுதுறன், இப்ப கை ஓடேல்லை.

லீவுக்கு வரேக்க பேத்தியையும் கூட்டிக்கொண்டு வா. அவளுக்கு அந்த விளக்கைச் செய்து காட்ட வேணும். திரிக்கு அப்பாவின்ர பழைய வேட்டியில ஒரு துண்டு கிழிச்சு வச்சிருக்கிறன்.

அம்மா